மேல் லெவல்

எங்கள் அம்மாவும் சின்னம்மாவும் பேசிக்கொள்வதில்லை. தாத்தாவை அடக்கம் செய்த நாளிலிருந்து அப்படித்தான். ஆனால் கொஞ்ச காலமாக இருவரும் தினமும் ஒருத்திக்கொருத்தி உயிர் கொடுத்துக்கொண்டிருந்தார்கள்.

போனில் ஆடுகிற விளையாட்டைத்தான் சொல்கிறேன். கட்டம் கட்டமாகப் பழங்கள் இருக்கும். ஒரே பழத்தில் மூன்றைச் சேர்த்தால் வெடித்து மறையும். சேர்க்க முடியாமல் தோற்றால் ஓர் உயிர் போகும். இருக்கிற உயிரெல்லாம் போய்விட்டால் தானாக ஊறும்வரை காத்திருக்க வேண்டும். இல்லையென்றால் அதே விளையாட்டை ஆடுகிற தெரிந்தவர் யாராவது ஓர் உயிர் அனுப்ப வேண்டும். அம்மாவுக்கு அப்படி அனுப்ப இருந்தது ஒரே ஒருத்தி, குடியாத்தத்தில் வாழ்க்கைப்பட்ட அவள் தங்கச்சி.

இதை யாரும் ஏற்பாடு செய்யவில்லை. போனில் இருக்கும் நம்பர்களைப் பார்த்துவிட்டு, ‘இவரைத் தெரியுமா?’ என்று ஒருநாள் அந்த விளையாட்டே கேட்டது. படம் ஒரு செம்பருத்திப் பூ. பேர், தாத்தா வீட்டில் சின்னம்மாவைக் கூப்பிட்ட செல்லப்பேர். அதை இங்கே எழுதினால் சின்னம்மா என்னைச் சும்மா விடமாட்டாள். அம்மா அந்தப் பூவையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, “கை பட்டுடுச்சு” என்றாள். சாயங்காலத்துக்குள் குடியாத்தத்திலும் கை பட்டிருந்தது. முதலில் கேட்டது யார் என்ற பேச்சே எழவில்லை என்பதால் இருவர் வீம்பும் அப்படியே பத்திரமாக இருந்தது.

அவர்கள் சண்டை என்னவென்று சொல்லிவிடுகிறேன். தாத்தா எங்கள் ஊர்த் தங்கச் சுரங்கமான மைசூர் மைன்ஸில் அண்டர்கிரவுண்டு ஆள். மைன் மூடி வெகுகாலம் ஆன பிறகும் அவர் நெஞ்சில் இறங்கிய கல்தூசி போகவில்லை. அதுதான் அவரைக் கொண்டுபோனது. நல்ல கோடையில், விடியற்காலையில் இறந்தார். உடனே சின்னம்மாவுக்குப் போன் செய்தோம். வெயிலில் உடம்பு தாங்காது, போதகர் மத்தியானம் வெளியூர் போக வேண்டும் என்று ஆளாளுக்கு அவசரப்படுத்தினார்கள். மூத்த மகள் சொன்னால் பெட்டியை மூடலாம் என்றார்கள். அம்மா தலையாட்டினாள். சின்னம்மா எங்கள் ஊர் ஸ்டேஷனான ஊரிகத்தில் இறங்கி ஓடிவந்தபோது கல்லறைத் தோட்டத்தில் மண் தள்ளி முடித்து, மாலைகளை மேலே அடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

“மொகத்தக்கூட காட்டலியே” என்று அவள் அந்த மண்ணில் விழுந்து கதறியது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. அம்மா பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவியிருக்கலாம். அதை விட்டுவிட்டு, “மொதல் ட்ரெயின புடிச்சிருந்தா பாத்திருக்கலாம்” என்றாள். மொதல் ட்ரெயினில்தான் வந்தேன், பங்காரப்பேட்டையில் நிறுத்தி வைத்துவிட்டான் என்று சின்னம்மா சத்தியம் செய்தாள். அம்மா நம்பவில்லை. நம்பினால் காத்திருக்காதது தன் தப்பு என்று ஆகிவிடும். அதற்கப்புறம் எப்போது அந்தப் பேச்சு வந்தாலும், “மொதல் ட்ரெயினாம்!” என்று முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

ஆகவே அந்தப் பழ விளையாட்டை நான் லேசாக நினைத்ததில்லை. காலையில் எழுந்ததும் அம்மா கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு போனைத் திறப்பாள். சின்னம்மா அனுப்பிய உயிர் வந்திருக்கும். “டோக்கன் எடுத்துட்டா” என்று எனக்குக் கேட்கிற மாதிரி சொல்வாள். பதிலுக்கு ஒன்று அனுப்பிவிட்டுத்தான் பால் காய்ச்சப் போவாள்.

டோக்கன் என்றால் எங்கள் ஊரில் எல்லாருக்கும் தெரியும். சுரங்கத்தின் செங்குத்துக் குழியான ஷாஃப்டில் இறங்குகிற ஒவ்வொருவருக்கும் நம்பர் போட்ட பித்தளை வில்லை ஒன்று உண்டு. இறங்கும்போது அதைப் பலகையில் மாட்டிவிட்டுப் போவார்கள். ஷிஃப்ட் முடிந்து கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் ஏறி மேலே வந்ததும் அவரவர் டோக்கனை எடுத்துக்கொள்வார்கள். எல்லாரும் வந்த பிறகும் ஒரு டோக்கன் தொங்கினால் அந்த ஆள் இன்னும் கீழே இருக்கிறார் என்று பொருள். சின்ன வயதில் தாத்தா வரத் தாமதமானால் அம்மாவும் சின்னம்மாவும் தொழிலாளர்களுக்குக் கம்பெனி கொடுத்த லைன் வீட்டு வாசலில் நின்றுகொண்டு, ஷிஃப்ட் முடிந்து போகிற ஒவ்வொருவரிடமும் “எங்கப்பா டோக்கன் எடுத்துட்டாரா?” என்று கேட்பார்களாம். அந்தக் கேள்விதான் இப்போது போனுக்குள் வந்து உட்கார்ந்திருந்தது.

ஒருநாள் குடியாத்தத்து உயிர் மத்தியானம்வரை வரவில்லை. அன்று எங்கள் வீட்டில் உலை ஏறவில்லை. அம்மா போனை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்துவிட்டாள். “போன் பண்ணிப் பாருங்களேன்” என்றேன். “நான் ஏன் பண்ணணும்?” என்று எரிந்து விழுந்தாள். சாயங்காலம் செம்பருத்தியிடமிருந்து உயிர் வந்தது. “கரண்டு போயிருக்கும்” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு எழுந்துபோய் உப்புமா கிளறினாள். தானாடாவிட்டாலும் தசை ஆடும் என்பது சும்மா சொன்னதில்லை.

லெவல் என்கிற சொல்லையும் அம்மா மைன் கணக்கில்தான் பேசுவாள். விளையாட்டில் ஒவ்வொரு ஆட்டமும் ஒரு லெவல். அம்மா அதில் ஆயிரத்தைத் தாண்டிப் போயிருந்தாள். ஆனால் ‘ஏறினேன்’ என்று ஒருநாளும் சொன்னதில்லை. “இன்னிக்கி நாலு லெவல் எறங்கினேன்” என்பாள். மைனில் ஒன்றாம் லெவல் தரைக்குப் பக்கத்தில் இருக்கும். எண் கூடக் கூட ஆழம். விளையாட்டிலோ வழி மலை ஏறுகிற மாதிரி மேலே மேலே போகும். “ஷாஃப்டையே பாக்காதவன் எவனோ போட்ட படம்” என்று அம்மா அதை ஒதுக்கிவிட்டாள்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது அவள் போனின் முதுகு உப்பத் தொடங்கியது. ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டிவைத்து ஆடினாள். ராபர்ட்சன்பேட்டையில் போன் கடைக்காரர் அதைக் கையில் வாங்கியதுமே, “பேட்டரி ஊதிக்கினு கீது மேடம். தலமாட்டுல வெச்சிக்கினு தூங்கிடாதீங்க” என்று பயமுறுத்தினார். புதிதாக ஒன்று வாங்கினேன். அம்மா அதன் நிறத்தைக்கூடப் பார்க்கவில்லை.

“அவ வருவாளா?” என்றாள்.

கடைக்காரர் என்னைப் பார்த்தார். நான் விளக்கினேன். மெயிலோடு சேர்த்து வைத்திருந்தால் ஆடியது, சேர்த்தது, தெரிந்தவர்கள் எல்லாம் புதுப் போனுக்கு வந்துவிடும் என்றார். என் மெயிலோடு நான் எப்போதோ சேர்த்து வைத்திருந்தேன். எனக்குக் கொஞ்சம் பெருமையாகவே இருந்தது. நம்பர்களையும் போட்டோக்களையும் அங்கேயே மாற்றிக் கொடுத்தார். பழைய போனில் இருந்ததையெல்லாம் அழித்து அவரிடமே விட்டுவிட்டு வந்தோம். வீட்டுக்கு வந்து விளையாட்டை இறக்கி வைத்தேன். அன்று தலைவலி வேறு. “நாளைக்கு சாயங்காலம் வந்து மத்தத செஞ்சு தரேன். அதுவரைக்கும் தொடாதீங்க” என்றேன். அம்மா நல்ல பிள்ளையாகத் தலையாட்டினாள்.

நான் பெங்களூரில் வேலை பார்க்கிறேன். எங்கள் ஊரில் பாதிப் பேர் அப்படித்தான். முன்பு பூமிக்குள் இறங்கினோம், இப்போது தினமும் ரயிலில் ஏறுகிறோம். மறுநாள் காலை பங்காரப்பேட்டை தாண்டி, நெரிசலுக்கு நடுவே கதவோரம் ஒற்றைக்காலில் நின்றுகொண்டிருந்தபோது அம்மா கூப்பிட்டாள். குரல் ஸ்பீக்கரில் தூரமாகக் கேட்டது.

“தொட்டுட்டேன்டி. அவளுக்கு உயிர் அனுப்பணுமில்ல? தொறந்தா ஒண்ணாம் லெவல்ல நிக்கறேன். அப்பால மெயில் கேட்டுது, ஒன் பேரு காட்டுச்சு, அத தொட்டேன். இப்ப ரெண்டு பொட்டி காட்டுது. எது வேணும்னு கேக்குது.”

எனக்குப் புரிந்துவிட்டது. ஒரு பெட்டியில் புதுப் போனில் இப்போது தொடங்கிய ஆட்டம், ஒன்றாம் லெவல். இன்னொன்றில் மெயிலில் இருக்கும் பழைய ஆட்டம். எதை வைத்துக்கொள்வது என்று கேட்கிறது. எடுக்காதது அழிந்துவிடும்.

“மேல் லெவல் எதுவோ, அத தொடுங்க” என்றேன்.

“மேல் லெவலா? நல்லா யோசிச்சு சொல்லு.”

பின்னால் ஒருவர் பையால் முதுகில் இடித்தார். எனக்கு மூக்கின்மேல் கோபம் வந்துவிட்டது. “யோசிக்க இன்னாம்மா கீது? மேல் லெவல்தான்! தொடுங்க!”

“அப்ப இத்தினி நாள் எறங்கினது...” என்று அம்மா தொடங்கினாள். சிக்னல் போய்விட்டது. நான் போனைப் பைக்குள் போட்டுவிட்டு, ஏதோ பெரிய ஆபரேஷனை முடித்த டாக்டர் மாதிரி நின்றிருந்தேன்.

சாயங்காலம் வீட்டுக்குள் நுழைந்தபோது அம்மா விளக்குப் போடாமல் உட்கார்ந்திருந்தாள். போனை நீட்டினாள். ஒன்றாம் லெவல். தெரிந்தவர்கள் பக்கத்தில் யாரும் இல்லை. செம்பருத்தி இருந்த இடத்தில் வெறும் வட்டம் ஒன்று இருந்தது.

“இன்னாம்மா செஞ்சீங்க? மேல் லெவல தொடச் சொன்னேனே!”

“அதத்தான் தொட்டேன். ஒண்ணாம் லெவல்.”

எனக்கு அப்போதுதான் உறைத்தது. தரைக்குப் பக்கத்தில் இருப்பது மேல் லெவல். ஆயிரத்துச் சொச்சமோ ஆழத்தில் இருக்கிற அடி லெவல். மைனில் பிறந்து வளர்ந்த பெண்ணிடம் மேல் லெவல் எது என்று கேட்டால் வேறு எதைத் தொடுவாள்? “எறங்கினது எல்லாம் போவுதேன்னு மனசு அடிச்சிக்கிச்சு. புது கேஜுல ஏறினா மேல இருந்துதான எறங்கணும், கடகடன்னு கொண்டுபோய் உட்டுடும்னு நெனச்சேன். நிச்சயமான்னு அது மறுபடியும் கேட்டுச்சு. எம் பொண்ணே சொல்லிட்டா, அப்பறம் இன்னான்னு தொட்டுட்டேன்” என்றாள்.

விளையாட்டுக்காரர்களுக்கு எழுதினேன். ரொம்பவும் மரியாதையாக வருத்தப்பட்டு ஒரு பதில் வந்தது. அழிந்தது அழிந்ததுதான். முன்பு மாதிரி தெரிந்தவர்களைத் தானாகக் காட்டும் வசதியையும் அதற்குள் எடுத்துவிட்டிருந்தார்கள். இப்போது யாரையாவது சேர்க்க வேண்டுமென்றால் நாமே அவர் நம்பருக்கு ஓர் அழைப்பு அனுப்ப வேண்டும். அதில் அனுப்பியவர் யார் என்பது கொட்டை எழுத்தில் இருக்கும்.

“ஒரே ஒரு தட்டு தட்டினா போதும். நான் தட்டறேன்” என்றேன்.

“தொட்டே, இந்த வீட்டுல ஒன் கையால ஒரு வாய் தண்ணி குடிக்கமாட்டேன்.”

“சின்னம்மாவுக்கு எப்படித் தெரியும்? அவங்க அனுப்பறது எங்க போவுதுன்னே தெரியாம இருப்பாங்களே.”

“தெரியலன்னா போவட்டும். வேணும்னா அவ கேக்கட்டும்.”

அப்படிச் சொன்னவள்தான் காலையில் எழுந்ததும் கண்ணாடியைத் தேடினாள். அந்த வெறும் வட்டத்தைப் பார்த்தாள். போனைக் கவிழ்த்து வைத்தாள். பால் பொங்கி அடுப்பில் வழிந்ததும் தெரியாமல் அதன் முன்னாலேயே நின்றாள். ஆட்டம் மட்டும் ஆடினாள். ஐந்தாம் லெவல், ஆறாம் லெவல் என்று முதல் வகுப்புப் பிள்ளை மாதிரி எளிய கட்டங்கள். உயிர் தீர்ந்தால் ஊறும்வரை காத்திருந்தாள். எனக்கு அவளைப் பார்க்கக் கோபமாகவும் வந்தது, அழுகையாகவும் வந்தது. ஒரு தங்கச்சியை இரண்டு முறை தொலைக்கிற அளவுக்கு யாருக்காவது வீம்பு இருக்குமா? ரயிலில் நின்றபடி சின்னம்மாவுக்கு நானே செய்தி எழுதினேன், அழித்தேன், மறுபடி எழுதினேன். தண்ணீர் குடிக்கமாட்டேன் என்றால் அம்மா நிஜமாகவே குடிக்கமாட்டாள். ஞாயிறு ஆராதனை முடிந்து வரும்போது அவள் மனசு கொஞ்சம் இளகியிருக்கும், அப்போது கேட்டுப் பார்ப்போம் என்று வைத்துக்கொண்டேன்.

அந்த ஞாயிறு காலை சர்ச்சுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தோம். அம்மா வெள்ளைப் புடவை கட்டி, பைபிளை எடுத்துக்கொண்டு கதவைத் திறந்தாள். வாசலில் சின்னம்மா நின்றுகொண்டிருந்தாள். தலை வாரவில்லை. புடவை கசங்கியிருந்தது. ஒரு கையில் பெரிய பிளாஸ்டிக் பை. அதற்குள் பிணத்துக்குப் போடுகிற ரோஜா மாலை.

அம்மாவை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள் சின்னம்மா. கால் தரையில் இருக்கிறதா என்று சரிபார்த்தாள் என்றே நினைக்கிறேன். அப்புறம் நடையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

“டோக்கன் தொங்கிக்கினே கீதே” என்றாள். “நாலஞ்சு நாளா தொங்கிக்கினே கீது. நான் குடுக்கற உயிர எடுக்கவும் இல்ல, திருப்பிக் குடுக்கவும் இல்ல. ஒரு நாள்கூட தவறமாட்டாளே...”

“ஒரு போன் பண்ணக்கூடாதா?” என்று அம்மா கேட்டாள். இத்தனை வருடம் கழித்துத் தங்கச்சியிடம் அவள் பேசிய முதல் வார்த்தை அது. அதிலும் அதிகாரம் குறையவில்லை.

“யாரு எடுத்து இன்னா சொல்லுவாங்களோன்னு பயம். நீ செத்தா எனக்கு சொல்லி அனுப்புவாங்கன்னு நான் எத வெச்சி நம்பறது? பொட்டிய மூடறதுக்குள்ள இந்த வாட்டியாவது மொகத்த பாத்துடணும்னு கெளம்பி வந்துட்டேன்.”

அம்மா மெதுவாகக் கேட்டாள். “எந்த ட்ரெயினு?”

“மொதல் ட்ரெயினு.”

அம்மா இந்த முறை முகத்தைத் திருப்பவில்லை. பைபிளை ஜன்னல் மேடையில் வைத்துவிட்டு உள்ளே போய்த் தண்ணீர் கொண்டுவந்தாள். நான் போனைக் காட்டி நடந்ததைச் சொன்னேன். மேல் லெவலைத் தொடச் சொன்னதையும், அம்மா ஒன்றாம் லெவலைத் தொட்டதையும் சொல்லிவிட்டு, அம்மாவின் அறியாமைக்குச் சின்னம்மாவாவது சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். அவள் என்னைத்தான் முறைத்தாள்.

“சரியாத்தான தொட்டிருக்கா? மேல் லெவல்னா ஒண்ணுதான? அடி லெவல்னு நீ சொல்லியிருக்கணும்.”

“அப்படி சொல்லு” என்றாள் அம்மா. இருவரும் சேர்ந்து என்னைப் பார்த்தார்கள். படித்து, பெங்களூர் போய், மேல் எது கீழ் எது என்று தெரியாத பெண் என்று அன்று முடிவாயிற்று. எனக்கு ரோஷம் வரவேண்டிய இடம். ஆனால் வரவில்லை. இப்படி ஒன்றாகச் சேர்ந்து அவர்கள் என்னைத் திட்டி எவ்வளவு காலம் ஆகியிருந்தது!

மாலை நடையிலேயே கிடந்தது. அதை என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. “எனக்கா வாங்கின இத?” என்று அம்மா பையைப் பிரித்துப் பார்த்தாள். “நல்ல ரோஜாதான் போட்டிருக்கான்.” சின்னம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, “தூக்கிப் போட்டுடு” என்றாள்.

“ஏன் போடணும்? எழுந்திரு. வாடறதுக்குள்ள அப்பாவுக்குப் போட்டுட்டு வந்துடலாம்.”

அன்று நாங்கள் சர்ச்சுக்குப் போகவில்லை. கல்லறைத் தோட்டத்துக்கு நடந்தோம். காற்றில், தங்கம் எடுத்த பிறகு கொட்டிய மண் குவிந்த சயனைடு மேட்டுத் தூசி பறந்துகொண்டிருந்தது. அவர்கள் இருவரும் முன்னால் போனார்கள். மேடு ஏறும் இடத்தில் மட்டும் சின்னம்மா அம்மாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். தாத்தாவின் கல்லறையில் காய்ந்த இலைகள் கிடந்தன. அம்மா அவற்றைக் கையால் தள்ளினாள். மாலையின் ஒரு முனையை அம்மாவும் மறுமுனையைச் சின்னம்மாவும் பிடித்துச் சிலுவையின் மேல் போட்டார்கள். சின்னம்மா கல்லில் இருந்த பேரை விரலால் ஒருமுறை தடவினாள். அடக்கத்தன்று மண்ணை மட்டும்தான் அவளால் தொட முடிந்தது.

அம்மா அவள் பின்னால் நின்றிருந்தாள்.

“அன்னைக்கும் நீ மொதல் ட்ரெயின்லதான் வந்த, இல்ல?” என்றாள்.

சின்னம்மா திரும்பவில்லை. கல்லில் வைத்த விரலை எடுக்கவும் இல்லை.

“ஆமாக்கா” என்றாள். “பங்காரப்பேட்டைலதான் நிறுத்திட்டான்.”